குளிர்ந்த கணவாயும் ஒரு வாய் பால்கோவாவும்

என் மகன் துபாயில் ஒரு ஓட்டலில் சாலட் போடுகிறான். இந்த ஒரு வரியை வாய் திறந்து சொல்ல எனக்கு நாலு வருஷம் ஆயிற்று. அதுவரை ஆளுக்குத் தகுந்த மாதிரி ஒரு வேலையைச் சொல்லி வைத்திருந்தேன். ராஜபாளையத்தில் நான் வேலை பார்க்கும் பேண்டேஜ் கம்பெனியில் அவன் ஓட்டல் மேனேஜர். எங்கள் தெருவில் அவன் ஃபுட் இன்ஜினியர். அப்படி ஒரு படிப்பு உண்டா என்று எனக்குத் தெரியாது. கேட்டவர்களுக்கும் தெரியாததால் வண்டி ஓடியது. கல்யாண வீடுகளில் சொந்தக்காரர்கள் கேட்டால், கப்பல் சம்பந்தப்பட்ட வேலை என்று பொதுவாகச் சொல்லிவிட்டு இலையைப் பார்த்துக் குனிந்துகொள்வேன்.

அவன் எதையும் மறைத்தவன் இல்லை. வேலையில் சேர்ந்த வாரமே போனில் விவரமாகச் சொன்னான். பெரிய ஓட்டல் சமையற்கட்டில் கோல்டு கிச்சன் என்று ஒரு தனி அறை உண்டாம். தண்ணீர் கொதிக்க மூலையில் ஒரே ஒரு அடுப்பு. மற்றபடி அறை முழுக்க ஐஸும் குளிரும்தான். இறாலையும் கணவாய் மீனையும் ஒரு கொதியில் எடுத்து, ஐஸ் தண்ணீரில் போட்டு, எலுமிச்சைச் சாற்றிலும் எண்ணெயிலும் ஊறவைத்து, சில்லென்று தட்டில் வைத்துக் கொடுப்பதுதான் அவனுடைய வேலை. முழுவதையும் கேட்டுவிட்டு, அப்படியென்றால் நீ சமைக்கவே மாட்டாயா என்று கேட்டேன். அவன் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. மதுரையில் மூன்று வருஷம் கேட்டரிங் படிக்க வைத்தது வெங்காயம் நறுக்கவா என்று அன்றைக்கு முழுக்க உள்ளுக்குள் புழுங்கினேன். பெற்ற பிள்ளையின் வேலையைச் சொல்ல வெட்கப்பட்டேன் என்பதை இப்போது எழுதும்போதும் கொஞ்சம் கூசுகிறது.

இப்படியே காலம் போயிருக்கும். ஸ்ரீவில்லிபுத்தூரில் இருக்கும் என் நாத்தனார் அவனுக்கு ஒரு பெண் பார்த்துச் சொன்னாள். பார்மசி படித்த பெண். அப்பா பால்கோவா போடுகிறவர். முன்னால் கடை, பின்னால் வீடு, நடுவில் அடுப்பு. முப்பது வருஷமாக விடிவதற்கு முன்னே எழுந்து வாணலி முன்னால் நின்று பால் கிண்டுகிற மனுஷன். பையனும் பெண்ணும் போட்டோ பார்த்தார்கள், போனில் பேசினார்கள், இரண்டு பேருக்கும் பிடித்துப் போயிற்று. பெண்ணின் அப்பாவும் வீடியோ காலில் என் மகனிடம் பத்து நிமிஷம் பேசினார். அதோடு அந்தப் பக்கமிருந்து பேச்சு மூச்சைக் காணோம். ஒரு வாரம் கழித்து நாத்தனார் போன் பண்ணினாள்.

"மதினி, நீங்க ஊருக்குள்ள நம்ம பையன் என்ன வேலை பாக்கான்னு சொல்லி வச்சிருக்கிய?"

பெண்ணின் அப்பா ராஜபாளையத்தில் மூன்று இடத்தில் விசாரித்திருக்கிறார். மூன்று இடத்திலும் மூன்று வேலை. சரி, பையனிடமே கேட்போம் என்று வீடியோவில் கேட்டால், அவன் சமையற்கட்டில் இருக்கிறேன் என்று நாலாவதாக ஒன்றைச் சொல்லியிருக்கிறான். நாலில் அது ஒன்றுதான் உண்மை. ஆனால் அவருக்கு அதில்தான் பெரிய சந்தேகம். ஏனென்றால் பேசின பத்து நிமிஷமும் அவர் இவன் முகத்தைப் பார்க்கவில்லை, கையைப் பார்த்திருக்கிறார். பால் கிண்டுகிறவர்கள் கையில் மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை கொதி தெறித்த புள்ளிகள் இருக்கும். சமையல்காரன் என்பதற்கு அவருக்கு அதுதான் சர்ட்டிபிகேட். என் மகன் கையில் ஒரு புள்ளி இல்லை. "சமையல்காரன்னு சொல்லுதான், கை கல்யாணப் பொண்ணு கை கணக்கா இருக்கு" என்று நாத்தனாரிடம் சொன்னவர், இந்த இடம் நமக்குச் சரிப்படுமா என்று யோசிக்க வேண்டும் என்றாராம்.

நியாயமாக நான் அப்போது வெட்கப்பட்டிருக்க வேண்டும். எனக்குக் கோபம்தான் வந்தது. என் சுபாவம் அப்படி. தப்பு என் பக்கம் என்றால் கோபம் இரண்டு மடங்காக வரும். வருகிற ஞாயிற்றுக்கிழமை அவர்களை வீடு பார்க்க வரச் சொல், என் மகன் அங்கே என்ன செய்கிறானோ அதையே நான் இங்கே செய்து வைக்கிறேன், தின்று பார்த்துவிட்டுப் பேசட்டும் என்று சொல்லிப் போனை வைத்தேன். வைத்த பிறகுதான், அந்தப் பலகாரத்தை நான் ஒரு தடவைகூடத் தின்றதில்லை என்பது ஞாபகத்துக்கு வந்தது.

என் வீட்டுக்காரர் மில்லில் ஃபிட்டர். எந்த மிஷின் எங்கே மக்கர் பண்ணும் என்று முதலிலேயே கண்டுபிடிப்பவர். சம்பந்தம் முடிவாகாமல் பெண் வீட்டார் நம் வீட்டில் கை நனைக்க மாட்டார்களே என்று கேட்டார். எங்கள் பக்கத்து வழக்கம் அது. பேச்சு முடிவாகும்வரை ஒருவர் வீட்டில் ஒருவர் உட்கார்ந்து சாப்பிட்டுக் கை கழுவ மாட்டார்கள். இனிப்பு காரம் காப்பியோடு எழுந்துவிடுவார்கள். கை நனைத்தால் சம்மதம் என்று அர்த்தம். எனக்கு ஒரு நிமிஷம் திக்கென்றது. அப்புறம், இது முள்கரண்டியில் குத்திச் சாப்பிடுகிற சாமான், கையே நனையாது, ஆகையால் இது டிபன் கணக்கில்தான் வரும் என்று தீர்ப்புச் சொன்னேன். நம் வீட்டில் முள்கரண்டி இருக்கிறதா என்று கேட்டார். இல்லை. எதிர்வீட்டு அக்காவிடம் ஆறு முள்கரண்டி வாங்கி வந்தேன்.

அந்த வாரம் முழுவதும் எனக்குப் போனில் பாடம் நடந்தது. காலண்டர் தாளைக் கிழித்து அதன் பின்பக்கத்தில் மகன் சொல்லச் சொல்ல எழுதினேன். கணவாய், இறால், எலுமிச்சை, வெள்ளரி, பெரிய வெங்காயம், பூண்டு, மிளகு, மல்லித்தழை, ஆலிவ் எண்ணெய். கடைசிச் சாமானுக்காக மெடிக்கலுக்குப் போனேன். சின்னதாக ஒரு பாட்டிலை எடுத்து நீட்டி, பிள்ளைக்குத் தேய்க்கவா என்று கேட்டார்கள். ஆமாம் என்று சொன்னேன். பொய் சொல்லிப் பழகின வாய். வீடியோவில் பாட்டிலைப் பார்த்த என் மகன் தலையில் கை வைத்துக்கொண்டான். அது உடம்பில் பூசுகிற எண்ணெய், சாப்பிடுகிறது வேறு, சூப்பர் மார்க்கெட்டில் போய்க் கேள் என்றான். பிறகு அங்கே போய்ச் சாப்பிடுகிற ஆலிவ் எண்ணெயையே வாங்கினேன். அந்தச் சின்ன பாட்டில் வீணாகவில்லை. வீட்டுக்காரர் முட்டிவலிக்குத் தேய்த்துத் தீர்த்தார்.

கணவாய் கிடைப்பது அதைவிடப் பெரும்பாடாக இருந்தது. எங்கள் ஊருக்குத் தூத்துக்குடியிலிருந்து வண்டி வரும். சாளை வரும், பாறை வரும், இறால் வரும். அணை மீன் வேண்டுமென்றால் பிளவக்கலிலிருந்து கெண்டை துடிக்கத் துடிக்க வரும். கணவாய் மட்டும் யாரும் கேட்பதில்லை. நான் எப்போதும் வாங்கும் மீன்காரரிடம் புதன்கிழமையே ஒரு கிலோ சொல்லி வைத்தேன். எதற்கு என்றார். திங்கத்தான் என்றேன். வெந்தால் செருப்பு தைக்கத்தான் ஆகும், தின்ன ஆகாது, பார்த்துக்கொள்ளுங்கள் என்று எச்சரித்துவிட்டுத்தான் ஒத்துக்கொண்டார். சொன்னபடி ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒரு தெர்மாகோல் பெட்டியில் ஐஸைக் கொட்டி, கணவாயையும் இறாலையும் தனித்தனிப் பையில் கட்டி, பெட்டியோடு கொடுத்தார்.

அன்றைக்குக் காலையில் நான் முதலில் செய்த காரியம், ஃபிரிட்ஜில் இருந்த பால் பாக்கெட், தயிர்ச்சட்டி இரண்டையும் தூக்கிக்கொண்டு போய் எதிர்வீட்டு அக்கா ஃபிரிட்ஜில் வைத்ததுதான். மீனையும் பாலையும் ஒரே நாளில் சாப்பிட்டால் உடம்பில் வெள்ளை விழும் என்று நாங்கள் நம்புகிறோம். டாக்டர்கள் அப்படியெல்லாம் இல்லை என்று சிரிக்கிறார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும். எங்கள் வீட்டில் மீன் குழம்பு வைத்த அன்றைக்கு மோர் கிடையாது, பால் காப்பி கிடையாது. இது விருந்தாளி விஷயம் என்பதால் இன்னும் ஒரு படி மேலே போய், பாலும் மீனும் ஒரே ஃபிரிட்ஜில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கக்கூட விடவில்லை. வருகிறவர்களுக்குப் பால் விடாத வரக்காப்பி என்று முடிவு செய்திருந்தேன். மீன் பலகாரம்தான், அதற்குத் தகுந்த மாதிரி வரச் சொல் என்று நாத்தனார் மூலம் தகவலும் சொல்லியிருந்தேன். இவ்வளவு முன்யோசனை உள்ள பெண்பிள்ளை நான். இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

கணவாயைச் சுத்தம் பண்ணும்போது மைப்பை உடைந்து நைட்டியெல்லாம் கறுப்பானது. கம்பெனியிலிருந்து கொண்டுவந்த நீலக் கையுறையைப் போட்டுக்கொண்டு, தோலை உரித்து, வளையம் வளையமாக நறுக்கி, ஈரத்தைப் பேண்டேஜுக்கு நெய்கிற காஸ் துணியில் ஒற்றி எடுத்தேன். ராஜபாளையத்தில் எந்த வீட்டில் எது இல்லாவிட்டாலும் காஸ் துணி இருக்கும். மிளகையும் எலுமிச்சைத் தோலையும்கூட அதே துணியில் முடிந்துதான் கொதிக்கிற தண்ணீரில் போட்டேன். முள்கரண்டி போதுமா என்று கேட்க வந்த எதிர்வீட்டு அக்கா, கையுறையையும் காஸையும் மை தெறித்த நைட்டியையும் பார்த்துவிட்டு வாசலிலேயே நின்றுவிட்டாள். யாருக்கு ஆப்பரேஷன் என்று கேட்டுவிட்டுத் திரும்பிப் போனாள்.

பாதிக் கணவாயைத் தண்ணீரில் போட்ட நேரம் மகன் டியூட்டிக்குப் போகிற பஸ்ஸில் இருந்தான். உப்பு ஜாடியில் போனைச் சாய்த்து வைத்திருந்தேன். ஒரு நிமிஷத்துக்கு மேல் விடாதே என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே படம் நின்றுவிட்டது. நான் வெந்து போவதற்கு அஞ்சுகிறவள் இல்லை, வேகாமல் போவதற்கு அஞ்சுகிறவள். எந்த மீன் ஒரு நிமிஷத்தில் வேகும்? சரி, எதற்கும் இருக்கட்டும் என்று ஆறேழு நிமிஷம் கொதிக்க விட்டேன். எடுத்து ஆறவைத்து வீட்டுக்காரர் வாயில் ஒரு வளையத்தைப் போட்டேன். அவர் மென்றுகொண்டே போய் மோட்டார் போட்டார், மென்றுகொண்டே தண்ணீர்த் தொட்டி நிறையும்வரை நின்றார், மென்றுகொண்டே திரும்பி வந்தார். ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல வாய் ஓயவில்லை.

நான் அடுப்படியிலேயே தரையில் உட்கார்ந்துவிட்டேன். மீதி அரைக் கிலோ கணவாய்தான் கையில் இருந்தது. அதுவும் செருப்பானால் அந்தப் பெண் கை நழுவிப் போகும். அதற்குக் காரணம் மகனுடைய கையில் புள்ளி இல்லாதது அல்ல, என் நாக்குதான். நான் ஒழுங்காக உண்மையைச் சொல்லியிருந்தால் அந்த மனுஷன் ஏன் கையைப் பார்க்கப் போகிறார்? அதை நினைக்க நினைக்க எனக்கு அழுகை வந்தது. அந்த நேரம் பார்த்து மகன் மறுபடி கூப்பிட்டான். ஓட்டலுக்குப் போய்ச் சேர்ந்து, உடை மாற்றுகிற அறையில் சுவரோரமாக நின்றுகொண்டிருந்தான்.

போனைப் பாத்திரத்துக்கு நேரே பிடி என்றான். பிடித்தேன். ஆவி படிந்து கண்ணாடி மங்கியது; தோளில் கிடந்த துண்டால் துடைத்துத் துடைத்துப் பிடித்தேன். தண்ணீர் தளதளவென்று வந்ததும் போடச் சொன்னான். போட்டேன். நான் மூச்சை இழுத்து விடுவதற்குள் எடு என்றான்.

"ஏலே, பச்சையா இருக்குலே."

"எடும்மா."

அந்தக் குரலை நான் அதற்கு முன் கேட்டதில்லை. வீட்டில் சாதம் போதும் என்று சொல்லவே தயங்குகிற பிள்ளை. கை தானாக வடிதட்டைத் தூக்கிவிட்டது. ஐஸ் தண்ணீரில் கொட்டினேன். இறாலுக்கும் அப்படித்தான். வளைகிறது பார், இன்னும் இல்லை, இன்னும் இல்லை, இப்போது எடு என்றான். கடல் தாண்டி, மங்கின கண்ணாடி வழியாக ஒரு இறால் வளைகிற வளைவைப் பார்த்துப் பதம் சொல்கிறான். நானோ முப்பது வருஷமாக மீன் குழம்பு வைக்கிறவள், பக்கத்தில் நின்றும் எனக்குத் தெரியவில்லை.

பிறகு கையுறையைக் கழற்றிவிட்டு ஐஸ் தண்ணீருக்குள் கையை விட்டுக் கிளறச் சொன்னான். துண்டு உள்ளுக்குள் குளிர்ந்துவிட்டதா என்று விரலால்தான் பார்க்க முடியுமாம். இருபது எண்ணுவதற்குள் விரல் விரலாகக் குடைய ஆரம்பித்தது. கையை வெளியே இழுத்துக்கொண்டேன். இறால் உரிக்கும்போது கையுறையையும் தாண்டிக் கொம்பு குத்தின இடங்களெல்லாம் எலுமிச்சை பட்டுக் காந்தியது. இப்படி ஒரு நாளைக்கு எம்புட்டுச் செய்வாய் என்று கேட்டேன். சும்மா நாப்பது கிலோ இருக்கும் என்றான்.

கையைக் காட்டச் சொன்னேன். எதற்கு என்றான். காட்டுலே என்று அதட்டினேன். விரல் நுனியெல்லாம் வெளுத்து, ஓரங்களில் தோல் வெடித்திருந்தது. ஆள்காட்டி விரலின் அடியில் கத்தி பிடித்துக் காய்ப்பு ஏறியிருந்தது. போன லீவில் வந்தபோது அவன் தினமும் கையில் தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு, காப்பி டம்ளரை இரண்டு கையாலும் பொத்திப் பிடித்துக் குடித்தான். துபாய்க்குப் போய் வந்த ஸ்டைல் என்று நான் கேலி பண்ணினேன். அவன் நேரமாகிறது என்று போனை வைத்துவிட்டான்.

மீதி வேலையைச் செய்தேன். எலுமிச்சைச் சாறு, எண்ணெய், நசுக்கின பூண்டு, மிளகுத்தூள், உப்பு எல்லாவற்றையும் கலக்கி, நறுக்கின வெங்காயத்தையும் கணவாயையும் இறாலையும் அதில் புரட்டி, கண்ணாடிக் கிண்ணத்தில் மூடி ஃபிரிட்ஜில் வைத்தேன். வெள்ளரியும் மல்லித்தழையும் பரிமாறும் நேரத்துக்கு. இடையில் என் கை பழக்கதோஷத்தில் கறிவேப்பிலையை உருவி, கடுகு டப்பாவைத் திறந்துவிட்டது. தாளிக்காமல் ஒரு பண்டத்தை மூடி வைப்பது மூக்குத்தி போடாமல் கல்யாண வீட்டுக்குப் போவது மாதிரி இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு டப்பாவை மூடினேன். ஐந்தாறு மணி நேரம் ஊற வேண்டும். நாலு மணிக்கு அவர்கள் வருகிறார்கள்.

சொன்னபடி நாலு மணிக்குப் பால்கோவா கொண்டுபோய்ப் போடுகிற அவர்களுடைய வேனிலேயே வந்து இறங்கினார்கள், பெண்ணின் அப்பாவும் அம்மாவும். வீடு பார்க்கிற வழக்கத்தில் பெண் வரமாட்டாள். நாத்தனாருக்கு மம்சாபுரத்தில் ஒரு சடங்கு வீடு, அவளும் வரவில்லை. அவர் ஒல்லியான ஆள். முழுக்கைச் சட்டையை மடித்துவிட்டிருந்தார்; மடிப்புக்குக் கீழே அந்தப் புள்ளிகள் தெரிந்தன. அதிகம் பேசவில்லை. அந்த அம்மா கையில் ஒரு பெட்டியைக் கொண்டுவந்து கொடுத்தாள். இன்னும் வெதுவெதுப்பு இருந்தது.

நல்ல காரியம் பேச வருகிறவர்கள் இனிப்போடு வந்தால், பேச்சுக்கு முன்னால் அதைப் பிரித்து, வந்தவர் வாயில் வைக்க வேண்டும். பிறந்ததிலிருந்து பார்த்து வந்த வழக்கம். பெட்டியைப் பிரித்தேன். வாசனை வீடு முழுக்கப் பரவியது. ஒரு விள்ளல் கிள்ளி, எழுந்து நின்று, இனிப்பாப் பேசுவோம் என்று சொல்லி அவர் வாய்க்கு நேரே நீட்டினேன். அவர் ஒரு கணம் என்னைப் பார்த்தார். அந்த அம்மா கையைப் பாதி தூக்கினாள். நான் அதைக் கூச்சம் என்று எடுத்துக்கொண்டு இன்னும் கொஞ்சம் முன்னால் நீட்டினேன். அவர் வாயைத் திறந்தார். அடுத்து அந்த அம்மாவுக்கு, அடுத்து வீட்டுக்காரருக்கு. கடைசி விள்ளலை நானே போட்டுக்கொண்டேன்.

நாலு பேச்சுப் பேசிவிட்டு, செத்த நேரம் இருங்க, உங்களுக்காக ஒன்று குளிரவைத்திருக்கிறேன் என்று எழுந்து போய் ஃபிரிட்ஜைத் திறந்தேன். கிண்ணத்தில் கை வைத்தேன். நாக்கில் இன்னும் அந்தத் தித்திப்பு இருந்தது. அங்கேயே நின்றுவிட்டேன். எவ்வளவு நேரம் நின்றேனோ, கதவைச் சாத்தச் சொல்லி ஃபிரிட்ஜ் கத்த ஆரம்பித்தது. எங்கள் பக்கம் பிறந்து வளர்ந்தவர்களுக்குப் பால்கோவா என்றால் இனிப்பு; அதில் பால் இருக்கிறது என்கிற விஷயம் மண்டையில் வேறு ஒரு மூலையில் கிடக்கும். அடுப்படிக்கு வந்த வீட்டுக்காரர் என் முகத்தைப் பார்த்தார், கிண்ணத்தைப் பார்த்தார். பால்கோவாவில் பால் இருக்கிறதல்லவா என்று மெதுவாகக் கேட்டார். காலையில் அந்த வளையத்தை மென்றபோது இருந்த வாயடைப்பு இப்போது இருந்திருக்கக்கூடாதா என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

கிண்ணத்தை எடுத்துக்கொண்டு கூடத்துக்கு வந்து, அவர் முன்னால் இருந்த ஸ்டூலில் வைத்தேன். மூடியைத் திறக்கவில்லை. புத்தி கெட்டுப் போய்ப் பாலைக் கொடுத்துவிட்டேன், இனி இதை எப்படிச் சாப்பிடச் சொல்வது என்று கேட்டேன். அவர் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டே, இன்றைக்கு இங்கே மீன் என்று சொல்லிவிட்டதால் காலையிலிருந்து பாலை நாக்கில் வைக்கவில்லை என்றார். விடிகாலையில் வரக்காப்பிதான். முதல் வாணலிப் பதத்தைக்கூட மகளை ருசி பார்க்கச் சொல்லிவிட்டாராம். முப்பது வருஷத்தில் அவர் நாக்கில் படாமல் கடைக்குப் போன முதல் சரக்கு அது. அப்புறம் ஏன் வாயைத் திறந்தீர்கள் என்று என் வீட்டுக்காரர் கேட்டே விட்டார்.

"வீட்டுக்காரம்மா வாய்க்கு நேரே நீட்டும்போது எப்பிடி வேண்டாம்னு சொல்ல? அதுவும் எங்க சரக்க."

நேரில் பார்த்திராத என் மகனுக்காக அந்த மனுஷன் ஒரு நாள் பாலை விட்டிருக்கிறார். நான் அவனுக்காக ஒரு பொய்யைக்கூட விடவில்லை. அதற்கு மேல் என்னால் மறைக்க முடியவில்லை. நீங்கள் விசாரித்த மூன்று வேலையும் நான் கட்டிவிட்ட கதை, அவன் சொன்னதுதான் நிஜம், அவன் ஓட்டலில் சாலட் போடுகிறான் என்று சொன்னேன்.

"சூட்டுத் தழும்பு தேடுனீகளாம். அவன் கையில இருக்கது ஐஸ் வெடிப்பு. இன்னைக்குக் காலையிலதான் நானே பாத்தேன்."

அவர் கிண்ணத்தை நகர்த்தி வைத்த என் விரல்களையே பார்த்தார். கொம்பு குத்தின இடங்கள் சிவந்து கிடந்தன. இது எம்புட்டு நேரம் தாங்கும் என்று கேட்டார். குளிர் விடாமல் வைத்தால் நாளை மத்தியானம்வரை தாங்கும் என்று மகன் சொல்லியிருந்ததைச் சொன்னேன். அப்படியானால் கட்டிக் கொடுங்கள் என்றார். மீன்காரர் கொடுத்த தெர்மாகோல் பெட்டியைக் கழுவி, ஃபிரிட்ஜில் இருந்த ஐஸ் அத்தனையையும் கொட்டி, நடுவில் கிண்ணத்தை வைத்து, வெள்ளரியும் மல்லித்தழையும் தனிப் பொட்டலமாகக் கட்டி, ஒரு முள்கரண்டியையும் செருகிக் கொடுத்தேன். சம்மதம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. வேன் போய்விட்டது. மிச்சமிருந்த வரக்காப்பியை வீட்டுக்காரரும் நானும் ஆளுக்கு இரண்டு டம்ளர் குடித்தோம்.

திங்கட்கிழமை மத்தியானம் கம்பெனியில் பேக்கிங் பிரிவுப் பெண்கள் எல்லோரும் வட்டமாக உட்கார்ந்து டிபன் டப்பாவைத் திறந்திருந்தோம். போன் அடித்தது. என்னிடம் இருப்பது பழைய போன், ஸ்பீக்கரில் போட்டால்தான் பேச்சே கேட்கும்.

இப்போதுதான் சாப்பிட்டேன் என்றார் பெண்ணின் அப்பா. இன்றைக்கும் மகள்தான் பதம் பார்த்தாளாம். பால் கிண்டும்போது ஒரு நிமிஷம் முந்தி இறக்கினால் இளகிக் கிடக்கும், பிந்தி இறக்கினால் இறுகிப் போகும், இந்தக் கணவாயும் அதே கதைதானே என்றார். அதைத் தெரிந்துகொள்வதற்குள் முதல் அரைக் கிலோ செருப்பாகிப் போனதை நான் சொல்லவில்லை.

"பதம் பாத்தது நீங்களா, உங்க பையனா?"

"அவன்தான். போன்ல பாத்துச் சொன்னான்."

அந்தப் பக்கம் வாணலியில் கரண்டி உரசுகிற சத்தம் கேட்டது. பிறகு, இனி எங்கள் ஊரில் மாப்பிள்ளை என்ன வேலை பார்க்கிறார் என்று கேட்பார்கள், நீங்கள் சொல்லுங்கள், அதையே நானும் சொல்கிறேன் என்றார். என்னைச் சுற்றிலும் பத்துப் பதினைந்து பேர் மெல்லுவதை நிறுத்தியிருந்தார்கள். நாலு வருஷமாக அவர்களுக்கு அவன் ஓட்டல் மேனேஜர்.

"எம்மவன் ஓட்டல்ல சாலட் போடுதான். மேனேஜர்லாம் இல்ல" என்றேன்.

"சரி. அப்படியே சொல்லிருதேன். வார ஞாயித்துக்கிழமை கை நனைக்க வாரோம். பால்கோவா கொண்டாரல, சேவு வாங்கிட்டு வாரேன்."

ஸ்ரீவில்லிபுத்தூரில் முப்பது வருஷமாகப் பால்கோவா போடுகிற மனுஷன், வேறு ஒருவர் கடையில் நின்று சேவு வாங்கிக்கொண்டு வருகிறேன் என்கிறார். போனை வைத்ததும் பக்கத்தில் இருந்தவள், சாலட் என்றால் என்னக்கா என்று கேட்டாள். சொல்லுகிறேன் இரு என்று அவளை நிறுத்திவிட்டு, முதலில் மீன்காரரைக் கூப்பிட்டு ரெண்டு கிலோ கணவாய்க்குச் சொல்லி வைத்தேன்.